மேடைக் கேக்கும் கைக் கேக்கும்: வரவேற்புக்கு எவ்வளவு கேக் சொல்வது

புதுச்சேரி மாவட்டத்தில், பல ஊர்களை ஒரே உள்ளாட்சியின்கீழ்த் தொகுக்கும் பிரிவுக்குப் பிரெஞ்சு ஆட்சிக்காலத்திலிருந்தே கொம்யூன் என்ற பெயர் நிலைத்திருக்கிறது. அத்தகைய ஐந்து கொம்யூன்களில் வில்லியனூரும் பாகூரும் நெல்வயலும் ஏரிப்பாசனமும் சார்ந்த ஊர்கள் நிறைந்தவை. இவ்வூர்களின் திருமண மண்டபங்களில் மாலை வரவேற்பின்போது கேக் வெட்டும் வழக்கம், 1877 முதல் லூர்தன்னை ஆலயம் நிலைபெற்றிருக்கும் வில்லியனூரின் கத்தோலிக்கக் குடும்பங்களோடு நின்றுவிடாமல், தாலி கட்டுவதற்கு முந்தைய மாலையிலோ அன்றைய மாலையிலோ வரவேற்பு வைக்கும் இந்துக் குடும்பங்களிலும் இடம்பிடித்துவிட்டது. விருந்துச் சமையலுக்கு இலைக்கணக்கு என்ற ஒன்று உண்டு. இத்தனை இலைக்கு இத்தனை படி அரிசி, இத்தனை கிலோ காய்கறி என்று பல தலைமுறைகளாகத் தேறிவந்த அந்தக் கணக்கை எந்தச் சமையல் மாஸ்டரும் ஏட்டைப் புரட்டாமலே சொல்லிவிடுவார். கேக்குக்கு அப்படி ஒரு கணக்கு இவ்வூர்களில் இன்னும் படியவில்லை. அதனால் பேக்கரியில் ‘எத்தனை கிலோ?’ என்று கேட்டதும் வீட்டார் ஐந்து, பத்து என்று வாயில் வந்த முழு எண்ணைச் சொல்லிவிட, ஒன்று பாதிக் கூட்டத்துக்குக் கேக் எட்டாமல் போகிறது, அல்லது கிரீம் உருகிய நான்கு பெட்டிகள் நள்ளிரவில் வீடு திரும்புகின்றன.

கிலோவிலிருந்து தொடங்குவதே இதில் முதல் பிழை. எத்தனை பேர் கையில், எந்த நேரத்தில், எந்த அளவுத் துண்டு போய்ச் சேர வேண்டும் என்பதை முடிவு செய்த பிறகு கிடைக்க வேண்டிய விடைதான் கிலோ. அதை முதலிலேயே சொல்லிவிட்டுப் பிறகு துண்டை அதற்கேற்பச் சுருக்குவதும் பெருக்குவதும் கணக்கைத் தலைகீழாகப் போடுவதாகும். இதற்கும் முன்னதாகத் தெளிய வேண்டிய செய்தி ஒன்று உண்டு. வரவேற்புக்கு வேண்டிய கேக் ஒன்றல்ல, இரண்டு: மணமக்கள் வெட்டுவதற்கு மேடையில் நிற்பது ஒன்று, வந்தவர்கள் வாயில் போவது மற்றொன்று. இவற்றை முறையே மேடைக் கேக் என்றும் கைக் கேக் என்றும் இந்த அத்தியாயம் அழைக்கும்.

மேடைக் கேக்கின் வேலை பார்வைக்கு நிற்பது. அது படத்தில் விழ வேண்டும். மணமக்கள் ஒருவருக்கொருவர் ஊட்டவும், பெற்றோர், தாய்மாமன், பங்குத்தந்தை போன்றோருக்கு ஊட்டவும் பத்துப் பன்னிரண்டு துண்டு அதிலிருந்து வந்தால் போதும். கைக் கேக்கோ அழகாக இருக்க வேண்டியதில்லை. ஒரே அளவாக, விரைவாக, சிந்தாமல் வெட்டப்பட வேண்டும். இந்த இரண்டு வேலையையும் ஒரே கேக்கிடம் ஒப்படைக்க நினைத்து நான்கு அடுக்கு, ஐந்து அடுக்கு என்று உண்மைக் கேக்காகவே சொல்லும் வீடுகள், அந்த அடுக்குகளைக் கீழே இறக்கி, உள்ளே தாங்கலுக்காக நிறுத்திய குச்சிகளையும் அட்டைகளையும் எடுத்து, வட்டமான கேக்கைக் கூட்டத்தின் நடுவில் நின்று வெட்டுவதற்கு யார் இருக்கிறார்கள் என்பதை எண்ணிப் பார்ப்பதில்லை. மேடையில் மாலையும் பொன்னாடையும் போட வரிசை நின்றுகொண்டிருக்கும் அந்த ஒரு மணி நேரத்தில் இந்த வேலைக்கு யாரும் கிடைக்க மாட்டார்கள் என்பதே நடைமுறை.

இலங்கையில் இந்தப் பிரிவினை நெடுங்காலமாகவே தெளிவாக இருக்கிறது. அங்கு மேடையில் நிற்பது பெரும்பாலும் அலங்காரக் கட்டமைப்புத்தான். விருந்தினருக்குக் கொடுபடும் கேக், முந்திரியும் பழப்பாகும் சேர்த்துச் செறிவாகச் சுட்டு, துண்டு துண்டாகத் தாளில் சுற்றிச் சிறு பெட்டிகளில் முன்னதாகவே தயாராகிவிடுகிறது. அங்கு கேக் சொல்வது என்பது பெட்டிகளின் எண்ணிக்கையைச் சொல்வது. எடை அதற்குப் பின்பு வருவது. வில்லியனூரிலும் பாகூரிலும் இம்முறையைப் பின்பற்ற விரும்புவோர், அடியடுக்குகளைப் பொய்யாகவும் உச்சியடுக்கை மட்டும் உண்மைக் கேக்காகவும் அமைக்கலாம். பேக்கரிகளில் இதை டம்மி என்பார்கள். ஆனால் டம்மிக்கு வழக்கமாகப் பயன்பட்ட தெர்மாகோல், அலங்காரப் பொருள் என்ற வகையில் 2022 ஜூலை 1 முதல் நாடு முழுவதும் தடைசெய்யப்பட்டிருக்கிறது. அட்டையாலோ மரத்தாலோ ஆன அச்சு இருக்கிறதா என்று பேக்கரியில் முதலிலேயே கேட்டுக்கொள்வது நல்லது. அதே தடைப்பட்டியலில் பிளாஸ்டிக் தட்டும் கரண்டியும் முள்கரண்டியும் அடங்கும் என்பதும், கைக் கேக் கரண்டி வேண்டாத வகையாக இருந்தால் செலவும் சிக்கலும் ஒருசேரக் குறையும் என்பதும் இங்கேயே குறித்துக்கொள்ளத்தக்கவை.

தலைக்கணக்கு

எத்தனை பேர் என்ற கேள்விக்குப் பத்திரிகையின் எண்ணிக்கை விடையாகாது. கிராமத்தில் ஒரு பத்திரிகை என்பது ஒரு வீடு. அந்த வீட்டிலிருந்து ஒருவரும் வரலாம், கைக்குழந்தையோடு ஆறு பேரும் வரலாம். ஆகவே அழைப்புப் பட்டியலை மூன்றாகப் பிரித்துக்கொள்வது பயன்தரும். பங்காளி, மாமன், மச்சான், சம்பந்தி என்று வீட்டோடு வந்து இரண்டு வேளையும் தங்கும் நெருங்கிய உறவு முதல் வகை. ஊராரும் தூரத்து உறவும் இரண்டாம் வகை. இவர்கள் வீட்டுக்கு ஒருவராகவோ இருவராகவோ மொய் செய்ய வருவார்கள். அலுவலகம், தொழிற்பேட்டை, கல்லூரி முதலிய இடங்களிலிருந்து வரும் நண்பர்கள் மூன்றாம் வகை; இவர்களுக்குக் கொடுத்த பத்திரிகையில் குடும்பத்துடன் என்று அச்சாகியிருந்தாலும் பெரும்பாலும் தனியாகவே, அதுவும் குழுவாகச் சேர்ந்து ஒரே வண்டியில் வருவார்கள்.

இந்த மூன்று வகையில் எவ்வளவு பேர் உண்மையில் வருவார்கள் என்பதற்கு ஒவ்வொரு வீட்டிலும் ஓர் ஆவணம் இருக்கிறது. அதை இந்தப் பயனுக்கு யாரும் எடுத்துப் பார்ப்பதில்லை. அதுதான் மொய் நோட்டு. திருமணத்துக்கு வந்தவர் பெயரையும் ஊரையும் அவர் எழுதிய தொகையையும் வரிசையாகப் பதிந்து, பிற்காலத்தில் திருப்பிச் செய்வதற்காகக் காக்கப்படும் இந்த நோட்டு, அந்த வீட்டின் கடந்த விசேஷத்துக்கு எத்தனை குடும்பங்கள் வந்தன என்பதை எவருடைய நினைவைக் காட்டிலும் நேர்மையாகச் சொல்லும். மூத்த மகளின் திருமண மொய் நோட்டில் உள்ள பெயர்களை எண்ணி, அன்று கொடுத்த பத்திரிகைகளின் எண்ணிக்கையோடு ஒப்பிட்டால், அழைத்தவர்களுக்கும் வந்தவர்களுக்கும் இடையிலான விகிதம் அந்த வீட்டுக்கே உரியதாகக் கிடைத்துவிடும். அதே திருமணத்தில் சமையல்காரருக்குக் கணக்குத் தீர்த்த இலைகளின் எண்ணிக்கையும் நினைவிலோ ரசீதிலோ இருந்தால், அதைக் குடும்பங்களின் எண்ணிக்கையால் வகுத்து, வீட்டுக்குச் சராசரியாக எத்தனை பேர் வந்தார்கள் என்பதையும் அறியலாம். இப்படி இரண்டு எண்கள் கைக்கு வந்தபின் ஊகத்துக்கு அதிக வேலையில்லை. வேறு விசேஷம் நடக்காத வீடாயின், பங்காளி வீட்டு நோட்டைக் கேட்டுப் பார்ப்பதில் கௌரவக் குறைவு ஒன்றும் இல்லை. தொகையை மறைத்துக்கொண்டு பெயர்களை மட்டும் எண்ணித் தரச் சொல்லலாம்.

இந்த விகிதத்தைத் திருத்த வேண்டிய காரணங்கள் சில உண்டு. அவற்றுள் முதன்மையானது முகூர்த்த நாள். ஆடியும் மார்கழியும் விலக்கப்படுவதால் திருமணங்கள் எஞ்சிய மாதங்களின் சில நாள்களில் குவிகின்றன. தையிலும் வைகாசியிலும் ஆவணியிலும் வரும் பெருமுகூர்த்த நாளில் ஒரே ஊரைச் சேர்ந்தவருக்கு ஒரே மாலையில் மூன்று வரவேற்புகள் இருப்பது சாதாரணம். அவர் மூன்றுக்கும் போவார், மூன்றிலும் மொய் எழுதுவார், ஒன்றில்தான் சாப்பிடுவார். எனவே அத்தகைய நாளில் மொய் நோட்டின் பெயர்களைவிட இலைகள் குறையும். ஆனால் கேக்கின் நிலை வேறு. சாப்பிடாமல் போகிறவரும் நின்றபடியே ஒரு துண்டு கேக் எடுத்துக்கொள்வார் என்பதால், கேக் எப்போதும் இலைக்கணக்கைப் பின்பற்றுவதில்லை. அதனால்தான் சமையல்காரரிடம் சொன்ன எண்ணை அப்படியே பேக்கரிக்கும் சொல்வது பொருந்தாமற்போகிறது. கத்தோலிக்கத் திருமணங்கள் தவக்காலத்தைத் தவிர்த்து, ஈஸ்டருக்குப் பிந்தைய வாரங்களில் மிகுவதும் இதைப் போன்றதே. ஐப்பசியிலும் கார்த்திகையிலும் வடகிழக்குப் பருவமழை வலுத்துவிட்டால் தாழ்ந்த பகுதிகளிலிருந்து கிளம்பும் மூன்றாம் வகையினர் வராமல் போவதும், உள்ளூரார் குடை பிடித்தாவது வந்துவிடுவதும் கருதத்தக்கன.

அடுத்தது, கேக் எந்த நேரத்தில் எப்படிக் கொடுபடுகிறது என்பது. மூன்று முறைகள் வழக்கில் உள்ளன. மேடையில் வெட்டியவுடன் தட்டுகளில் அடுக்கி, நாற்காலியில் அமர்ந்திருப்போரிடம் எடுத்துச் செல்வது முதல் முறை. இதில் கேக் வேண்டியது அந்த நேரத்தில் மண்டபத்துக்குள் இருப்பவர்களுக்கு மட்டுமே, ஆகவே அடிப்படை எண் நாற்காலிகளின் எண்ணிக்கை. பந்தியில் இலையின் ஓரத்தில் இனிப்போடு ஒரு துண்டு வைப்பது இரண்டாம் முறை. இதற்கு இலைக்கணக்கே அடிப்படை. தாம்பூலப்பையில் அல்லது சிறு பெட்டியில் வைத்து, புறப்படும்போது கொடுப்பது மூன்றாம் முறை. இதில் தலைக்கு ஒன்று என்ற பேச்சில்லை, வீட்டுக்கு ஒன்று என்பதால் மொய் நோட்டின் பெயர்களே அடிப்படை. ஒரே திருமணத்துக்கு இந்த மூன்று எண்களும் வெகுவாக வேறுபடும். முறையைத் தீர்மானிக்காமல் அளவைத் தீர்மானிக்க இயலாது.

எடுத்துக்காட்டாக, பாகூர்ப் பக்கத்தில் ஒரு வீடு 350 பத்திரிகை வைக்கிறது என்று கொள்வோம். நெருங்கிய உறவு 60 வீடு, வீட்டுக்கு 4 பேர், பெரும்பாலும் எல்லாருமே வருவர் என்பதால் 220 பேர். ஊரும் தூரத்து உறவுமாக 190 வீடு, வீட்டுக்கு 2 பேர், அவர்களில் முக்கால் பங்கினர் வந்தால் 285 பேர். நண்பர் 100 பேரில் பாதி வந்தால் 50 பேர். ஆக 555 பேர். இலையில் வைக்கும் முறையானால், கீழே விழுவதற்கும் குழந்தைகள் இரண்டாவது கேட்பதற்குமாக நூற்றுக்கு ஐந்து சேர்த்து ஏறத்தாழ 583 துண்டுகள் வேண்டும். நாற்காலிக்குக் கொண்டுசெல்லும் முறையானால், 300 நாற்காலி போட்ட மண்டபத்துக்கு அதே விகிதத்தில் 315 துண்டுகள் போதும். பெட்டி முறையானால் வந்த வீடுகள் சுமார் 250, நண்பர்கள் குழுவாக ஒன்று இரண்டு என்று வாங்கிக்கொள்வதையும் சேர்த்து 270 பெட்டிகள் கணக்காகும். இந்த விகிதங்கள் விளக்கத்துக்காக எடுத்துக்கொண்டவை; அவரவர் மொய் நோட்டு தரும் விகிதத்தை இவற்றின் இடத்தில் வைத்துக் கணக்கிட வேண்டும்.

துண்டும் கிலோவும்

துண்டு எவ்வளவு பெரிதாக இருக்க வேண்டும் என்பதில் மேலைநாட்டு நூல்களின் அட்டவணைகள் இவ்வூர்களுக்கு அப்படியே உதவா. அங்கு கேக், விருந்து முடிந்தபின் வரும் தனி இனிப்பு வகையாகவும் அமைவதால் ஒருவருக்கு ஒரு தட்டு நிறையக் கொடுக்கிறார்கள். 1947-இல் இங்கிலாந்து இளவரசி எலிசபெத்தின் திருமணத்துக்கு 9 அடி உயரத்தில் நான்கு அடுக்காக நின்ற பழக் கேக் ஏறத்தாழ 500 பவுண்டு, அதாவது 225 கிலோவுக்குச் சற்று மேல். அதிலிருந்து 2,000 துண்டுகள் வந்ததாகச் சொல்லப்படும் கணக்கை வகுத்தால் துண்டு ஒன்று நூறு கிராமைத் தாண்டுகிறது. வில்லியனூர் மண்டபத்தில் கேக் வருவது சாப்பாட்டுக்கு முன்னால். அதற்குப் பின் பிரியாணியோ சாம்பாரும் வடையும் பாயசமுமோ காத்திருக்கின்றன. வந்தவர்களில் சர்க்கரை நோய்க்காக நாவைக் கட்டியவர்களும் ஒரு வரிசைக்கு இருவராவது இருப்பார்கள். இங்கு கேக் வயிற்றுக்குக் கொடுப்பதன்று, மகிழ்ச்சியில் பங்கு கொடுப்பது. அதற்கு 40 கிராம் துண்டு தாராளம்.

இந்த 40 கிராம் துண்டு, பிளம் கேக்கோ வெண்ணெய் சேர்த்த பிளெயின் கேக்கோ ஆனால், இரண்டு அங்குல நீளமும் ஓர் அங்குல அகலமும் ஒன்றரை அங்குல உயரமும் கொண்டு, இரண்டு விரலால் எடுத்து இரண்டு வாயில் முடித்துவிடக்கூடியதாக இருக்கும். ஒரு கிலோவுக்குக் கணக்கின்படி 25 துண்டு வரும். ஓரம் உடைவது, தூளாவது ஆகியவற்றைக் கழித்து 24 என்று வைத்துக்கொள்ளலாம். கிரீம் கேக் இப்படிச் சிறிதாக வெட்டினால் தட்டில் நிற்காமல் சாய்ந்து குழைந்துவிடும். அதற்குத் துண்டு ஒன்று 75 முதல் 80 கிராம் வரை இருந்தாக வேண்டும் என்பதால் கிலோவுக்கு 12 துண்டுக்கு மேல் எதிர்பார்க்க முடியாது. மேலே கண்ட 583 துண்டுக்குப் பிளம் கேக்கானால் 24 கிலோவும் சற்று மேலும், கிரீம் கேக்கானால் 48 கிலோவுக்கு மேலும் வேண்டும். நாற்காலி முறையில் 315 துண்டுக்குப் பிளம் கேக் 13 கிலோவில் முடிந்துவிடுகிறது. ஒரே கூட்டத்துக்கு 13 கிலோவும் சரியான விடையாக இருக்கக்கூடும், 48 கிலோவும் சரியான விடையாக இருக்கக்கூடும் என்பதே கிலோவிலிருந்து தொடங்கலாகாது என்றதன் பொருள்.

பெட்டி முறையில் வீட்டுக்கு ஒன்று என்பதால், ஒரு பெட்டியில் 100 கிராமுக்குக் குறையாமல் வைப்பது முறை. ஒரு வாய்த்துண்டை நான்கு பேர் உள்ள வீட்டுக்குப் பெட்டியில் வைத்துக் கொடுப்பது கஞ்சத்தனமாகவே படும். 270 பெட்டிக்கு 27 கிலோ ஆகிறது. இலையில் வைக்கும் முறையைவிட எடையில் பெரிய வேறுபாடு இல்லாவிட்டாலும், எல்லா வீட்டுக்கும் ஒரே அளவு போய்ச் சேர்வதும், பந்தி நேரத்தில் கேக் தட்டோடு ஓடுவதற்கு ஆள் தேட வேண்டாததும், மிஞ்சியது பெட்டியிலேயே கெடாமல் இருப்பதும் இம்முறையின் ஆதாயங்கள். பெட்டிக்கான செலவைத் தாங்கக்கூடிய வீட்டுக்கு இதுவே சிறந்தது எனலாம்.

வட்டக் கேக்கையும் சதுரக் கேக்கையும் பற்றி ஒரு செய்தி. ஒரே அங்குல அளவுடைய வட்டம், சதுரத்தின் பரப்பில் முக்கால் பங்குக்குச் சற்று மேல்தான். நான்கு மூலைகளும் அதில் இல்லை. இரண்டு சதுர அங்குல முகப்புள்ள துண்டுகளாக வெட்டினால் 8 அங்குலச் சதுரக் கேக் 32 துண்டு தரும், 8 அங்குல வட்டக் கேக் 25 தரும். 10 அங்குலமானால் சதுரம் 50, வட்டம் 39. 12 அங்குலமானால் 72-ம் 56-ம். ஆகவே கைக் கேக்கைச் சதுரமாகவோ நீள்சதுரத் தட்டாகவோ மட்டுமே சொல்ல வேண்டும். வட்டம் மேடைக்கு உரியது. வட்டத்தையே வெட்ட நேர்ந்தால், பிறந்தநாள் கேக்கைப் போல நடுவிலிருந்து ஆப்பு ஆப்பாக வெட்டாமல், குறுக்கே நேர்கோடுகளாக வெட்டிப் பின் அக்கோடுகளைத் துண்டாக்குவதே சேதம் குறைந்த வழி.

உயரமும் ஏமாற்றக்கூடியது. கடையில் ஒரு கிலோ என்று வாங்கும் வழக்கமான கிரீம் கேக் 8 அங்குல வட்டமாக, இரண்டரை அங்குல உயரத்தில் இருக்கும். மேடைக்காக அதையே நான்கு அங்குல உயரத்தில் கேட்டால் எடை ஒன்றரை கிலோவைத் தாண்டிவிடும். துண்டுகளின் எண்ணிக்கை மட்டும் கூடாது, ஒவ்வொரு துண்டும் நெடிதாகும், அவ்வளவே. 10 அங்குலமும் 8 அங்குலமுமாக இரண்டு அடுக்கு வைத்த உயரமான மேடைக் கேக் நாலு கிலோவுக்கு மேல் வந்து, 64 துண்டு தரும்; மேடையில் நிற்போர், புகைப்படக்காரர், நாதஸ்வரக்காரர், மண்டபத்து ஆட்கள், இரவு வீட்டில் தங்கும் உறவு ஆகியோருக்கு அது சரியாகப் போதும். இதற்கு மேல் அடுக்கு வேண்டுமென்றால் டம்மியால் உயர்த்தலாம்.

எந்தக் கேக், எந்த மாதம்

அளவைப் போலவே வகையும் ஊரின் வெயிலுக்குக் கட்டுப்பட்டது. வெண்ணெய்க் கொழுப்பு 32 முதல் 35 பாகை செல்சியஸில் உருகிவிடும். அக்கினி நட்சத்திரத்தை ஒட்டி வரும் வைகாசித் திருமணத்தில், குளிரூட்டாத மண்டபத்தில் விளக்குகளின் அடியில் நிற்கும் பட்டர் கிரீம் அந்த வெப்பத்தைத் தாண்டியே நிற்கிறது. பால் கிரீம் சேர்ந்த கேக்கை அந்தச் சூட்டில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைப்பது உடல்நலத்துக்கும் கேடு. நகரத்திலிருந்து வில்லியனூர் பத்து கிலோமீட்டர்தான் என்றாலும் விழுப்புரம் சாலையின் மாலை நெரிசலில் அந்தத் தொலைவு நீண்டுவிடும். பாகூருக்குக் கடலூர்ச் சாலையில் வந்து உள்ளே பிரிய வேண்டும், உட்சாலைகளின் குழிகளில் அடுக்குக் கேக் சாய்வதற்கு ஒரு குலுக்கல் போதும். ஆகவே மேடைக் கேக்கை அடுக்காமல் தனித்தனிப் பெட்டியில் கொண்டுவந்து மண்டபத்தில் அடுக்கச் சொல்வதும், கைக் கேக்கைக் கிரீம் இல்லாத வகையாக வைத்துக்கொள்வதும் மேல். பிளம் கேக் முந்தைய நாளே வந்துவிடலாம் என்பதால் திருமணத்தன்று ஒரு கவலை குறையும்.

புதுச்சேரிக்கே உரிய ஒரு வகையும் உண்டு. கிரியோல் குடும்பங்களில் கிறிஸ்துமஸுக்குச் செய்யப்படும் விவிக்கம் கேக், மைதாவுக்குப் பதில் ரவையும் வெண்ணெயும், மதுவில் ஊறிய உலர்பழமும் பருப்புகளும் சேர்ந்த செறிவான பண்டம். வெயிலைத் தாங்கும், சில நாள் நிற்கும், 30 கிராம் துண்டே நிறைவு தரும் என்பதால் கிலோவுக்கு 30 துண்டுக்கு மேல் தேறும். இதைச் செய்யத் தெரிந்த வீடுகளும் கடைகளும் குறைவு. கிடைத்தால் பெட்டி முறைக்கு இதைவிடப் பொருத்தமானது இல்லை. பிரெஞ்சுத் திருமணங்களில் கேக்குக்குப் பதிலாக நிற்கும் குரோக்காம்பூஷ், அதாவது உள்ளே கிரீம் நிரப்பிய சிறு ஷூ உருண்டைகளைக் காய்ச்சிய சர்க்கரைப் பாகால் ஒட்டிக் கூம்பாக அடுக்கிய பண்டம், தலைக்கு மூன்று நான்கு உருண்டை என்று எண்ணிச் சொல்வதால் கணக்குக்கு மிக எளியது. ஆனால் அதன் பாகு காற்றின் ஈரத்தை உறிஞ்சி இளகிவிடும். கடலோர ஈரக்காற்றில், அதுவும் மழைமாதத்தில், மணமக்கள் அலங்காரம் முடிந்து மேடைக்கு வருவதற்குள் கூம்பு ஒருபக்கம் இறங்கத் தொடங்கியிருக்கும். பிரான்சிலிருந்து உறவினர் வருகிறார்கள் என்பதற்காக இதைச் சொல்ல நினைப்போர், மண்டபம் முழுவதும் குளிரூட்டப்பட்டதா என்று முதலில் பார்த்துக்கொள்ள வேண்டும்.

முட்டை பற்றிய கேள்வியை விருந்தன்று எழவிடாமல் முன்பே தீர்த்துவிட வேண்டும். ‘முட்டை போட்டதா?’ என்று ஒரு பெரியவர் கேட்டு, பரிமாறும் பையன் விழித்தால், அந்த வரிசையில் யாரும் கேக்கைத் தொடமாட்டார்கள். உறவில் மூன்றில் ஒரு பங்கினராவது முட்டை சேர்க்காதவர் என்றால் முழுவதையுமே முட்டையில்லாக் கேக்காகச் சொல்லிவிடுவது, இரு வகையைத் தனித்தனித் தட்டில் காப்பாற்ற முயல்வதைவிட மலிவானது. பெட்டியில் கொடுப்பதானால் பச்சைப் புள்ளிக் குறியைப் பேக்கரியிலேயே அச்சிட்டு ஒட்டச் சொல்லலாம். முட்டை சேர்ந்த உணவு நம் நாட்டு விதிப்படி அசைவக் குறியைத் தாங்க வேண்டும். பிளம் கேக்கில் ரம் சேர்ப்பது குறித்தும் கேட்டுக்கொள்ள வேண்டும். மது மலிவு என்று அண்டை மாவட்டங்களில் புதுச்சேரிக்கு இருக்கும் பெயர், இஸ்லாமிய நண்பரின் தட்டிலும் குழந்தையின் கையிலும் அதை வைப்பதற்கு இசைவாகாது; பழங்களைத் திராட்சைச் சாற்றிலோ ஆரஞ்சுச் சாற்றிலோ ஊறவைக்கச் சொன்னால் பேக்கரி மாஸ்டர்கள் மறுப்பதில்லை.

நிச்சயதார்த்தத்துக்கும் மறுவீட்டுக்கும் கேக் சொல்வோர் மேற்கண்ட கணக்கு எதையும் போட வேண்டியதில்லை. ஐம்பது அறுபது பேருக்குள் அடங்கும் கூட்டத்துக்கு ஐந்து கிலோ கிரீம் கேக் போதும்.

ஆர்டரும் அன்றைய வேலையும்

பெருமுகூர்த்த நாளுக்கு மூன்று வாரம் முன்பாவது பேக்கரியில் அட்வான்ஸ் கொடுத்து நாளைப் பிடித்துவிட வேண்டும்; இறுதி எண்ணை மூன்று நாள் முன்பு சொல்லலாம் என்ற இசைவையும் அப்போதே வாங்கிக்கொள்ள வேண்டும். ஆர்டர் சீட்டில் கிலோவை மட்டும் எழுதினால் போதாது: மேடைக் கேக் எத்தனை அங்குலம், எத்தனை அடுக்கு, கைக் கேக் எத்தனை துண்டு, துண்டு எத்தனை கிராம், வெட்டித் தருவதா முழுத் தட்டாகத் தருவதா, எத்தனை மணிக்கு எந்த மண்டபத்தின் எந்த வாசலில் என்பவை எல்லாம் அதில் இடம்பெற வேண்டும். துண்டுக் கணக்கில் விலை பேசினால் பேக்கரிக்காரர் முதலில் தயங்கக்கூடும். ஒரு கிலோத் தட்டை முன்மாதிரியாக வெட்டிக் காட்டச் சொல்லி, அதில் வரும் துண்டுகளை எண்ணிப் பார்த்தபின் கிலோவுக்கே திரும்புவதில் இருவருக்கும் நட்டமில்லை.

வெட்டும் பொறுப்பை உறவினரிடம் விடக்கூடாது. சித்தப்பா வெட்டினால் முதல் வரிசைக்குக் கட்டியும் கடைசி வரிசைக்குத் தூளுமாகப் போய்ச் சேரும். தெரிந்தவரைக் கண்டால் இரண்டு துண்டும் போகும். பேக்கரியிலிருந்தோ சமையல் ஆட்களிலிருந்தோ ஒருவரை இதற்கென்றே நிறுத்தி, நீளமான கத்தியும் சுடுநீரும் துடைக்கத் துணியும் கொடுத்து, மேடையில் கேக் வெட்டுவதற்கு அரைமணி நேரம் முன்பே உள்ளறையில் கைக் கேக்கை வெட்டத் தொடங்கச் செய்தால், மேடையில் கைதட்டல் அடங்குவதற்குள் முதல் தட்டு வரிசைக்கு வந்துவிடும்.

ஆனால் எல்லாவற்றையும் ஒரேயடியாக வெட்டிவிடலாகாது. பாதியை முதலில் வெட்டி, நாற்காலிகள் நிறைவதைப் பார்த்து மீதியில் பாதியை வெட்டி, கடைசித் தட்டை முழுதாகவே வைத்திருக்க வேண்டும். வெட்டிய துண்டு மிஞ்சினால் அது மிச்சம். அதை யாருக்கும் கொடுக்கக் கூச்சமாக இருக்கும், காய்ந்தும் போகும். வெட்டாத தட்டு மிஞ்சினால், மறுநாள் காலை சம்பந்தி வீட்டுக்குப் போகிற சீர்த்தட்டில் அதைப் பழத்துக்கும் பூவுக்கும் அருகில் வைக்கலாம், அல்லது வர இயலாமற்போன மூத்த உறவின் வீட்டுக்கு மணமக்கள் விருந்துக்குச் செல்லும்போது எடுத்துச் செல்லலாம். பிளம் கேக்கானால் இதற்கு இரண்டு மூன்று நாள் அவகாசமும் உண்டு. கிரீம் கேக்கானால் அன்றிரவே மண்டபத்து ஆட்களுக்கும் அக்கம்பக்கத்துப் பிள்ளைகளுக்கும் கொடுத்து முடித்துவிட வேண்டும்.